ஓய்வூதிய நிதிக்கு அப்பா பெயர் என்ன?

போன வாரக் கதை ஒரு கேள்வியோடு எங்கள் வீட்டு வாசலிலேயே நின்றுவிட்டது. கேட்டவள் என் மருமகள். செருப்பைக்கூடக் கழற்றவில்லை.

"மாமா, வெளிநாட்டு முதலீட்டாளர் படிவத்துல ஒன்பதாவது கட்டத்துக்கு ஏன் நட்சத்திரம் போட்டீங்க?"

"அது பெரிய விஷயம்மா. காலையில சொல்றேன்" என்று சொல்லிவிட்டுக் கட்டிலில் போய் விழுந்தேன். தூங்கினேன் என்று மட்டும் நினைத்துவிடாதீர்கள். மின்விசிறியின் இறக்கைகளை எண்ணிக்கொண்டே கிடந்தேன். இருப்பது மூன்று. விடியும்போது என் கணக்கில் நாற்பத்தேழு ஆகியிருந்தது.

நடுவில் ஓரிரு வாரம் வெளியூர் போய் வந்தவர்களுக்காகச் சொல்லிவிடுகிறேன். என் மருமகள் பங்குச் சந்தையில் வெளிநாட்டு முதலீட்டாளர் பிரிவுக்கு அதிகாரி. நான் அதே கட்டடத்தில் முப்பத்தாறு வருடம் உட்கார்ந்து, துணைப் பதிவாளராக எழுந்து வந்தவன். தூரத்து நகரம் ஒன்றில் ஒரு குறியீட்டு நிறுவனம் இருக்கிறது. உலகத்தின் பங்குச் சந்தைகளை எல்லாம் அது மூன்று வகுப்பாகப் பிரித்து வைத்திருக்கிறது. கடைசி வகுப்பு எல்லைச் சந்தை, நடு வகுப்பு வளரும் சந்தை, மேல் வகுப்பு வளர்ந்த சந்தை. பட்டியல் போடுவது மட்டும்தான் அதன் வேலை. ஆனால் அந்தப் பட்டியலைப் பார்த்துத்தான் பெரிய பெரிய நிதிகள் எந்த நாட்டில் பங்கு வாங்குவது என்று முடிவு செய்கின்றன.

நாங்கள் பத்தொன்பது வருடமாக நடு வகுப்பு.

பணம் சேர்ந்துவிட்டால் மேல் வகுப்புக்குப் போய்விடலாம் என்று நினைக்காதீர்கள். தலைக்கு எவ்வளவு வருமானம் என்ற பாடத்தில் நாங்கள் எட்டு வருடம் முன்பே தேறிவிட்டோம். வெளியாள் ஒருவர் பணத்தோடு உள்ளே வந்து, பங்கு வாங்கி, விற்று, பணத்தைத் திரும்ப எடுத்துப் போவது எவ்வளவு சுலபம் என்பதுதான் அவர்கள் தோண்டித் தோண்டிப் பார்ப்பது. மொத்தம் பதினெட்டுக் கேள்வி. பதினேழில் பாஸ். பாக்கி ஒன்றே ஒன்று. வெளிநாட்டு நிதி ஒன்று இங்கே கணக்குத் திறக்க எத்தனை நாள்? அவர்கள் எதிர்பார்ப்பது ஐந்து நாள். எங்கள் சராசரி நாற்பத்தாறு.

காரணம் அந்த ஒன்பதாவது கட்டம். அதில் இருப்பது இரண்டே வார்த்தை: 'தந்தையின் பெயர்.' பக்கத்தில் ஒரு நட்சத்திரம். நட்சத்திரம் போட்ட கட்டத்தை நிரப்பாவிட்டால் கம்ப்யூட்டர் விண்ணப்பத்தைத் திருப்பி அனுப்பிவிடும்.

நிதிக்கு ஏது அப்பா? ஒரு நிதி, தன்னைத் தொடங்கியவரின் அப்பா பெயரை எழுதியது. அவர் காலமாகி நூற்றுப்பத்து வருடம். நாங்கள் அவருடைய கையெழுத்தைக் கேட்டோம். இன்னொரு நிதி 'பொருந்தாது' என்று எழுதியது. அன்றிலிருந்து எங்கள் கடிதமெல்லாம் 'திரு. பொருந்தாது அவர்களின் புதல்வர்' என்றே அதற்குப் போய்க்கொண்டிருக்கிறது.

இன்று குறியீட்டு நிறுவனத்தின் மதிப்பீட்டாளர் நேரில் வருகிறார். வியாழக்கிழமை முடிவு. இந்த முறை தவறினால் பரிசீலனைப் பட்டியலிலிருந்தே எங்கள் பெயரை எடுத்துவிடுவார்கள். மறுபடி சேர மூன்று வருடம்.

காலையில் சமையலறைக்குள் நுழைந்தபோது என் மனைவி எனக்கு முதுகைக் காட்டி நின்றாள். அந்த முதுகை வைத்து ஒரு பட்டாளத்தையே விரட்டலாம்.

"சொல்லிட்டீங்களா?"

"எதை?"

"தெரியாத மாதிரி கேக்கறதுல உங்களுக்குப் பட்டமே குடுக்கலாம். நட்சத்திரத்தை."

"நேரம் பார்த்துச் சொல்லணும்."

"முப்பத்தோரு வருஷம் பார்த்தாச்சு. இன்னும் என்ன நேரம்?" அவள் திரும்பினாள். "என் தங்கை கல்யாணத்துல, சாப்பிட உட்கார்ந்த மனுஷங்களை நிறுத்தி வச்சு என்ன சொன்னீங்க? அந்த ஒரு நட்சத்திரம் இல்லைன்னா நாடே கவுந்திருக்கும்னு சொன்னீங்க. நான் பக்கத்துலதான் உட்கார்ந்திருந்தேன். வாயைத் திறந்தேனா?"

"திறக்கலை."

"இன்னைக்குத் திறப்பேன்."

மருமகள் கைப்பையோடு வந்தாள். கண்ணுக்குக் கீழே கறுத்திருந்தது. மூன்று மாதமாக அவள் படாத பாடு பட்டிருக்கிறாள். அந்தக் கட்டத்தை எடுத்துவிடலாம் என்று பங்குச் சந்தைத் தலைவரிடம் கேட்டிருக்கிறாள். அவர் சொன்ன பதில், "காரணம் இல்லாம ஒருத்தர் வச்சிருக்க மாட்டார். காரணம் தெரியாம எடுத்தா நாளைக்கு யார் பதில் சொல்றது?" அவளும் சட்டப் புத்தகம் ஒன்று விடாமல் தேடினாள். அதில் ஒரு வரிகூட இல்லை. கிடைத்தது பழைய சுற்றறிக்கை ஒன்று, அடியில் என் கையெழுத்து. அதிலும் காரணம் இல்லை.

"மாமா, தலைவர் உங்களை நேர்ல கூட்டிட்டு வரச் சொன்னார். பத்து மணிக்கு மதிப்பீட்டாளர் அம்மா வந்துடுவாங்க. காரணத்தை நீங்களே சொல்லிடுங்க. அது எவ்வளவு பெரிய காரணமா இருந்தாலும் அதுக்கு வேற வழி கண்டுபிடிச்சிடலாம். ராத்திரி உட்கார்ந்து மூணு வழி எழுதி வச்சிருக்கேன்."

மூன்று வழியாம். இல்லாத காரணத்துக்கு. என் மனைவி என்னைப் பார்த்தாள், நான் சட்டைப் பொத்தானைப் பார்த்தேன்.

"செருப்பைப் போட்டுக்கிட்டு வரேன்மா" என்றேன்.

மூன்றாவது மாடியில் எங்கள் பழைய பதிவுப் பிரிவை அடையாளமே தெரியவில்லை. நான் இருந்த காலத்தில் பேரேடுகள் கூரை வரை அடுக்கியிருக்கும். தும்மினால் இரண்டு சரியும். இப்போது கண்ணாடிச் சுவர், சத்தம் போடாத நாற்காலி, ஆளுக்கு இரண்டு திரை. நடுவில் ஒரு நீள மேசை. அதன் ஒரு கோடியில் கம்ப்யூட்டர் அக்கா. ஐம்பது வயதைத் தாண்டியவர், அந்தப் பிரிவின் கணினி முழுக்க அவர் கைப்பிடியில். என்னைப் பார்த்ததும் கண்ணாடியை மூக்கு நுனிக்கு இறக்கினார்.

"வாங்க சார். உங்க நட்சத்திரத்தாலதான் எனக்கு ரத்தக் கொதிப்பு" என்றார்.

தலைவர் என்னை ஓரமாகத் தள்ளிக்கொண்டு போனார். "சார், நல்ல காரணமா ஒண்ணு சொல்லிடுங்க. பாதுகாப்பு, மோசடித் தடுப்பு, இப்படி ஏதாவது. ஆலோசகருங்க ரெண்டு பக்கம் எழுதிக் குடுத்திருக்காங்க, அந்தக் கட்டம் ஏன் அவசியம்னு. நானும் கையெழுத்துப் போட்டுட்டேன். நீங்க மாத்திச் சொன்னா என் மூக்கு உடையும்."

"காரணம் சொன்னா கட்டம் போயிடுமா?"

"காரணம் இருந்தா எப்படிப் போகும்? இருக்கும். ஆனா மரியாதையா இருக்கும்."

மதிப்பீட்டாளர் அம்மா சரியாகப் பத்து மணிக்கு வந்தார். உயரம் எப்படி என்றால், கதவுச் சட்டம் பயந்து ஒதுங்கும். எங்கள் மொழியைப் புத்தகத்தில் படித்துக் கற்றவர். வாய் திறந்தால் பள்ளிக்கூடப் பாடப் புத்தகம் நடந்து வருவது போல் இருந்தது. மேசையில் ஒரு கடிகாரத்தை எடுத்து வைத்தார். ஓட்டப் பந்தயத்தில் நேரம் பார்ப்பார்களே, அந்த மாதிரிக் கடிகாரம்.

"வணக்கம். முதலில் பழைய பாடங்களை ஒருமுறை பார்த்துவிடுவோமா?"

மருமகள் எழுந்தாள். கையில் காகிதம் இல்லை.

"பங்கு விற்றவருக்குப் பணம் எப்போது கிடைக்கும்?"

"மறுநாள். பங்கு கை மாறுற அதே நொடியில பணமும் கை மாறும். ஒண்ணு நடந்து இன்னொண்ணு நடக்காமப் போக வழியே இல்லை."

"கை மாறாமல் முறிந்துபோகும் பேரங்கள் எத்தனை?"

"பத்தாயிரத்துக்கு மூணு. போன வருஷம் அஞ்சு."

"பணத்தை எங்கள் நாட்டுக்கு எடுத்துச் செல்ல யாருடைய அனுமதி வேண்டும்?"

"யாரோடதும் வேண்டாம். பன்னிரண்டு மணிக்குள்ள கேட்டா அன்னைக்கே போயிடும்."

பதினேழு கேள்வி. பதினேழு பதில். தடுமாற்றம் என்ற சொல்லே அவள் அகராதியில் கிடையாது போல. என்னால் உட்கார முடியவில்லை. பக்கத்தில் இருந்த தலைவரின் முழங்கையை இடித்து, "என் மருமக" என்றேன். "தெரியும் சார், பதினாலு வருஷமா இங்கதான் வேலை பார்க்கறாங்க" என்றார் அவர். தெரிந்தால் என்ன? இன்னொரு முறை சொன்னேன்.

"இனி கணக்குத் திறப்பது" என்றார் மதிப்பீட்டாளர். "ஆசிரியர்களின் ஓய்வூதிய நிதி ஒன்றின் விண்ணப்பம் தங்களிடம் உள்ளது. மும்முறை திரும்பி வந்ததாக என்னிடம் முறையிட்டார்கள். அதன் தந்தையார் பெயரைக் கேட்கிறீர்களாம். அந்த நிதியில் இரண்டு லட்சத்துப் பத்தாயிரம் ஆசிரியர்கள் இருக்கிறார்கள். எல்லோருடைய தந்தையாரும் வேண்டுமா?"

தலைவர் தொண்டையைச் செருமினார்.

"அந்தக் கட்டத்துக்கு ஆழமான காரணம் இருக்கு மேடம். இந்தப் படிவத்தை உருவாக்கினவரே வந்திருக்கார். அவரே சொல்லுவார்."

எல்லாத் தலையும் என் பக்கம் திரும்பியது. மருமகள் தன் மூன்று வழிகளை எழுதிய தாளை எடுத்து மேசையில் வைத்துக்கொண்டாள். நான் என்ன காரணம் சொன்னாலும் தாங்கிப் பிடிக்கத் தயாராக நின்றாள் அவள்.

பொய் சொல்ல எனக்கு வராது என்று நினைக்காதீர்கள். எனக்குத் தெரியாத பொய்யே கிடையாது. அந்த அறையிலேயே பதினைந்து காரணம் நாக்கு நுனியில் வரிசையில் நின்றது. அந்தத் தாளைப் பார்த்ததும் வரிசை கலைந்து எல்லாமே ஓடிவிட்டது.

"காரணம் ஒண்ணும் இல்லை" என்றேன்.

தலைவர் கண்ணை மூடிக்கொண்டார்.

"முப்பத்தோரு வருஷத்துக்கு முன்னால, முதல் வெளிநாட்டு நிதி ரெண்டு நாள்ல வரப் போகுதுன்னு தகவல் வந்தது. எங்ககிட்ட அவங்களுக்குன்னு படிவம் கிடையாது. உள்ளூர் ஆளுங்க நிரப்பற படிவத்தை எடுத்து, தலைப்பை மட்டும் மாத்தினேன். தந்தை பெயர் அப்படியே நின்னுடுச்சு. நான் கவனிக்கலை. அச்சகத்துல மாதிரித் தாளைக் காட்டினாங்க. வலது ஓரம் வெறிச்சுன்னு இருந்தது. வர்றவங்க என்ன நினைப்பாங்கன்னு தோணுச்சு. அச்சகத்துல நட்சத்திர எழுத்து ஒரு டப்பா நிறைய இருந்தது. வரிக்கு ஒண்ணு வைங்கன்னு சொன்னேன். இருபத்தெட்டு வரிக்கும் வச்சாங்க. பக்கம் ரொம்ப அழகா வந்தது."

"அழகுக்காகவா?" மருமகள் குரல் கிணற்றுக்குள்ளிருந்து வந்தது.

"அழகுக்காகத்தான்மா."

கம்ப்யூட்டர் அக்கா நாற்காலியைத் திருப்பினார். "அப்ப கட்டாயம்கறது?"

"நான் சொல்லலை. பன்னிரண்டு வருஷம் கழிச்சுக் கம்ப்யூட்டர் வந்தப்போ, நட்சத்திரம்னா கட்டாயம்னு யாரோ எடுத்துக்கிட்டாங்க. நான் அப்ப வேற பிரிவுல இருந்தேன். கேள்விப்பட்ட அன்னைக்கே வந்து சொல்லியிருக்கலாம். ஆனா அதுக்குள்ள எல்லாரும் அது பெரிய பாதுகாப்பு ஏற்பாடுன்னு பேச ஆரம்பிச்சுட்டாங்க. எனக்கும் கேக்க நல்லா இருந்தது. விட்டுட்டேன்."

சொல்லி முடித்ததும் நாற்காலியோடு சேர்ந்து தரைக்குள் போய்விடலாம் போல இருந்தது. நாடே தவம் கிடக்கிறது. இந்தக் கிழவன் ஓரத்துக்கு ஜரிகை வைத்திருக்கிறான்.

மதிப்பீட்டாளர் பேனாவைக் கீழே வைத்தார்.

"நான் முப்பத்திரண்டு நாடுகளின் அலுவலகங்களைக் கண்டவள். எங்கும் பயனற்ற விதிகள் உண்டு. ஒவ்வொன்றுக்கும் ஒருவர் காரணம் கூறுவார். காரணம் இல்லை என்று கூறிய முதல் அதிகாரி தாங்கள்தான்." தலைவர் பக்கம் திரும்பினார். "காரணம் தெரிந்தால்தான் எடுக்க முடியும் என்றீர்களாம். இப்போது தெரிந்துவிட்டதல்லவா?"

தலைவர் கண்ணைத் திறந்தார். என்ன சொல்வார் என்று எனக்கே தெரியவில்லை. தன் கோப்பிலிருந்த ஆலோசகர்களின் இரண்டு பக்கத்தை எடுத்தார், நாலாக மடித்தார், சட்டைப் பைக்குள் வைத்துக்கொண்டார். மூக்கு உடைந்ததாகத் தெரியவில்லை. கொஞ்சம் சிவந்திருந்தது, அவ்வளவுதான்.

"உத்தரவு எழுதணும்" என்றார்.

"எழுதியிருக்கு சார்." மருமகள் இழுப்பறையைத் திறந்து ஒரு தாளை எடுத்தாள். மூன்று மாதமாக அங்கே கிடந்த தாள். காரணம் என்ற இடம் மட்டும் காலி. பேனாவை எடுத்து அதில் நிறுத்தி நிதானமாக எழுதினாள்: 'அழகுக்காக இடப்பட்டது. அகற்றப்படுகிறது.' தலைவர் கையெழுத்துப் போட்டார். சாட்சி என்று எனக்கும் ஒரு இடம் விட்டிருந்தாள். என் வாழ்நாளில் எத்தனையோ ஆயிரம் கையெழுத்துப் போட்டிருக்கிறேன், எதையும் இரண்டு தடவை படித்ததில்லை. இதை மூன்று தடவை படித்துவிட்டுப் போட்டேன்.

கம்ப்யூட்டர் அக்கா நாலு தட்டு தட்டினார். நட்சத்திரம் போயே போய்விட்டது.

மதிப்பீட்டாளர் கடிகாரத்தை அழுத்தினார்.

விண்ணப்பம் உள்ளே போனது. ஒன்பதாவது கட்டம் காலியாகவே தாண்டிப் போனது. அடையாளச் சோதனை, வரி எண், பங்குகளை வைத்துக் காக்கும் பாதுகாவலர் வங்கியின் ஒப்புதல் என்று ஒவ்வொரு வரியாகத் திரையில் பச்சை விழுந்தது. வங்கியில் ஒரு அதிகாரி சாப்பிடப் போய்விட்டார். மருமகள் அவருடைய கைபேசிக்கே பேசி, கை கழுவ விடாமல் திரும்ப உட்கார வைத்தாள். அந்த மூன்றாவது மாடியில் அத்தனை பேரும் நாற்காலியை விட்டு எங்கள் பின்னால் வந்து நின்றார்கள். என் கணக்குப்படி நாலாயிரம் பேர். மருமகள் பிறகு பதினேழு என்று திருத்தினாள்.

கடைசிப் பச்சை விழுந்ததும் அந்த அம்மா கடிகாரத்தை நிறுத்தி எல்லோருக்கும் காட்டினார். இரண்டு மணி நேரம், ஐம்பத்திரண்டு நிமிடம். ஐந்து நாள் கேட்டவர்களுக்கு.

கம்ப்யூட்டர் அக்கா கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். மதிப்பீட்டாளர் எழுந்து என் மருமகளுக்குக் கை கொடுத்தார். "தாங்கள் தங்கள் நாட்டை ஒரு காலையில் நகர்த்தினீர்கள்" என்றார். அதை நான் வீடு வரைக்கும் ஒன்பது தடவை சொல்லிப் பார்த்தேன்.

வண்டியை மருமகள்தான் ஓட்டினாள். சிக்னலில் நின்றபோதுதான் வாயைத் திறந்தாள்.

"மூணு மாசம், மாமா. எத்தனை சட்டப் புத்தகம் தெரியுமா?"

"மன்னிச்சிடும்மா."

"முடியாது. ஒரு மாசம் கழிச்சுப் பார்க்கலாம்." சிக்னல் மாறியது. "ஆனா அந்த அறையில அதை, நீங்களா இருந்ததால சொன்னீங்க. வேற யாரும் சொல்லியிருக்க மாட்டாங்க."

நான் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டேன். தூசி விழுந்த கண்ணை அப்படித்தான் மறைக்க முடியும்.

வீட்டில் என் மனைவி முழுக் கதையையும் கேட்டாள். "கடைசியில சொல்லிட்டீங்க இல்ல" என்று ஒரே வரியோடு நிறுத்திக்கொண்டாள். பிறகு தன் தங்கைக்குப் போன் போட்டு ஒரு மணி நேரம் பேசினாள். மருமகளைப் பற்றி ஐம்பத்தைந்து நிமிடம், என்னைப் பற்றி ஐந்து. அந்த ஐந்திலும் குறையாக ஒரு வார்த்தை இல்லை.

மாலை ஆறரைக்கு என் மகன் வந்தான். பங்குத் தரகு நிறுவனம் ஒன்றில் இருபத்திரண்டு பேர் கொண்ட பிரிவைக் கவனித்துக்கொள்பவன். தன் மனைவி சொன்னதை எல்லாம் நின்றுகொண்டே கேட்டான். அவள் தலையில் கையை வைத்தான். "சாதிச்சிட்ட" என்றான். சொன்ன முகத்தில் சந்தோஷம் இருந்தது. சந்தோஷம் மட்டும் இல்லை.

"என்னடா?" என்றேன்.

உட்கார்ந்தான். "அப்பா, என்கிட்ட பங்கு வாங்கற நிதிங்க எல்லாம் வளரும் சந்தையில மட்டும்தான் பணம் போடணும்னு விதி வச்சிருக்கற நிதிங்க. நாம மேல் வகுப்புக்குப் போனா அவங்க விதிப்படி வித்துட்டுப் போயே ஆகணும். இங்க நாம முதல் பெஞ்சு. அங்க பெரிய பெரிய நாடுங்களுக்கு நடுவுல கடைசி பெஞ்சு. புதுசா வர்ற பணம் வேற வாசல் வழியா வேற ஆளுங்ககிட்ட போகும். என் பிரிவு இருக்காது."

சமையலறையில் தண்ணீர்க் குழாய் நின்றது. என் மனைவி கதவோரம் வந்து நின்றாள்.

"இது உனக்கு எப்பத் தெரியும்?"

"முதல்லேர்ந்தே தெரியும்."

அவன் பையிலிருந்து ஒரு தாளை எடுத்து மேசையில் வைத்தான். குறியீட்டு நிறுவனம் தரகர்களுக்கும் அனுப்பியிருக்கும் கேள்வித்தாள். நேரில் பார்ப்பதோடு அவர்கள் விடுவதில்லை. இங்கே தினமும் வியாபாரம் செய்பவர்களையும் கேட்பார்களாம். பதினோராவது கேள்விக்குக் கீழே மட்டும் காலியாக இருந்தது: 'இந்தச் சந்தை வளர்ந்த சந்தையாகத் தகுதி பெற்றுவிட்டதாகத் தங்கள் அனுபவத்தில் கருதுகிறீர்களா?'

"நாளைக்குப் பத்து மணிக்குள்ள அனுப்பணும். 'இல்லை'ன்னு எழுதுன்னு எங்க ஆபீஸ்ல சொல்லிட்டாங்க. என் கையெழுத்துலதான் போகும்." தன் மனைவியைப் பார்த்தான். "ஊர்ல மத்தத் தரகருங்க என்ன எழுதறாங்கன்னு எனக்குத் தெரியாது. எங்க நிறுவனம்தான் பெரிசு. எங்க பதிலுக்குக் கனம் ஜாஸ்தி."

மருமகள் அந்தத் தாளைக் கையில் எடுக்கவில்லை. பேனாவை மட்டும் எடுத்து அவன் பக்கம் நகர்த்தி வைத்தாள்.

"நான் ஒண்ணும் சொல்ல மாட்டேன்" என்றாள்.

"எழுதினதும் காட்டட்டுமா?"

"வேண்டாம். வியாழக்கிழமை ஊரோட சேர்ந்து நானும் தெரிஞ்சுக்கறேன்."

எழுந்து உள்ளே போய்விட்டாள். என் மகன் பேனாவின் மூடியைக் கழற்றினான்.